செத்த வீரனின் பொற்பட்டம்

அன்பார்ந்த வாசகர்களே! தை மாதத்து முழுமதி நாளில், மாலை மயங்கும் வேளையில், தென்பெண்ணை ஆற்றங்கரையில் நீங்கள் நின்றதுண்டா? நின்றதில்லை என்றால் கொடுத்து வைக்காதவர்கள் என்று முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம். மேற்கே மலைத்தொடருக்குப் பின்னால் கதிரவன் இறங்கிவிட்டான். ஆயினும் போக மனமின்றி வானத்தின் அடிவாரமெங்கும் குங்குமத்தை அள்ளி அப்பிவிட்டுப் போயிருந்தான். கிழக்கே, வேங்கைக்கோட்டையின் கரிய மதிலுக்கு மேலே முழுமதி மெல்ல எட்டிப் பார்த்தது. இரண்டு ஒளியையும் ஒருசேர வாங்கிக்கொண்டு, மணல் திட்டுகளுக்கிடையே வளைந்து நெளிந்து, கரையோரத்து மருத மரங்களின் வேர்களை நனைத்தபடி பெண்ணை ஓடிக்கொண்டிருந்தது.

அந்தக் கரையில் அன்று ஒரே அமளி! துடி முழங்கிற்று, கொம்பு ஊதிற்று, கள் நிறைந்த குடங்களைத் தலையில் சுமந்து ஆடவரும், பொங்கல் பானைகளை இடுப்பில் ஏந்திப் பெண்டிரும் சாரி சாரியாக வந்துகொண்டிருந்தனர். கடம்பன் காரி என்னும் மாவீரனின் நடுகல்லுக்கு அன்று பெரும்படையல். மூன்று ஆண்டுகளுக்கு முன் மேல்மலை நாட்டார் இரவோடிரவாக வந்து வேங்கைக்கோட்டையின் ஆநிரைகளைக் கவர்ந்து சென்றபோது, அவற்றை மீட்கப் போன படையில் முன்னால் நின்று போரிட்டு மாண்டவன் காரி. அவனுக்குக் கல் நட்டு, பெயரும் பீடும் பொறித்து, மயிற்பீலி சூட்டி, ஆண்டுதோறும் கள்ளும் ஊனும் படைத்து வழிபடுவது அந்நாட்டார் வழக்கமாயிற்று.

கல்லை நீராட்டுவதற்காக ஆற்றுத் துறையில் குடத்தோடு நின்றாள் ஒருத்தி. அவள்தான் பூதி நங்கை, மாவீரன் காரியின் கைம்பெண். முப்பது வயதைத் தொட்டவள். நிமிர்ந்த நடையும் தெளிந்த பார்வையும் உடையவள். வழியில் போன ஒவ்வொருவரும் அவளைக் கண்டு கைகூப்பிவிட்டுப் போனார்கள்.

அக்கணம் அக்கரையிலிருந்து ஒரு பரிசல் வந்து துறையில் ஒதுங்கியது. அதிலிருந்து காவியுடுத்த ஒரு பரதேசி இறங்கினான். தாடி மார்புவரை தொங்கியது. சடை தோளில் புரண்டது. ஓடக்காரன் கூலிக்குக் கை நீட்டினான்.

"ஆசி தருகிறேன், பெற்றுக்கொள்," என்றான் பரதேசி.

"ஆசியை வைத்துக்கொண்டு நான் உலையா வைக்க முடியும், சாமி?" என்றான் ஓடக்காரன்.

"அப்படியானால் பாதி ஆசி போதும்," என்று சொல்லிவிட்டு, பரிசலின் அடியில் யாரோ சிந்திவிட்டுப் போன வெல்லத் துணுக்கு ஒன்றைக் குனிந்து பொறுக்கினான் பரதேசி. ஊதினான். வாயில் போட்டுக்கொண்டான். அது ஒட்டியிருந்த வாழையிலைக் கிழிசலையும் விடாமல் மடித்து இடுப்பில் செருகிக்கொண்டான்.

நங்கையின் கையிலிருந்த குடம் நழுவித் தண்ணீரில் விழுந்தது. தாடி மறைக்கலாம், சடை மறைக்கலாம்; அந்த இலைக் கிழிசலை மடித்துச் செருகும் கையை உலகத்தில் எந்த வேடம் மறைக்கும்? ஐயோ! வந்திருப்பவன் கடம்பன் காரி! யாருடைய கல்லை நீராட்ட அவள் நீர் மொள்ள வந்தாளோ, அந்தச் செத்துப்போன மாவீரனேதான்!

வாசகர்களே, திகைக்க வேண்டாம். இதில் மாயமும் இல்லை, மந்திரமும் இல்லை. உள்ளது உள்ளபடி சொல்கிறேன், கேளுங்கள்.

நங்கையை மணந்தபோது காரி வேங்கைக்கோட்டைக் குதிரைச் சேவகத்தில் இருந்தான். மீசையைப் பார்த்து அவள் மயங்கினாள். அவள் தந்தையின் நன்செய்யைப் பார்த்து அவன் மயங்கினான். திருமணம் முடிந்த மறுநாளே தந்தை தம் நிலத்தை எல்லாம் கோயிலுக்கு எழுதிவைத்துவிட்டார் என்பது தெரிந்தது. அன்று தொங்கிய காரியின் முகம் அப்புறம் நிமிரவே இல்லை. நாள் முழுதும் ஏச்சும் பேச்சும்தான். மோரில் அவன் ஊற்றச் சொன்ன தண்ணீரைக் குடித்துப் பார்த்துவிட்டு வீட்டுப் பூனையே வேறு வீடு தேடிப் போய்விட்டது. கோட்டையை ஆண்ட வேளாரின் குதிரைக்கு வைத்த கொள்ளைத் திருடப் போய் அந்தக் குதிரையிடமே உதை வாங்கினான். அன்றுமுதல் மூக்கு இடப்பக்கமாகக் கோணிக்கொண்டது.

எல்லாவற்றிலும் நங்கையை வாட்டியது விளக்கு. மாவிலையின் நுனியை எண்ணெயில் தோய்த்துச் சொட்டுச் சொட்டாக அகலில் விடுவான் காரி. சோற்றில் கை வைப்பதற்குள் விளக்கு அணைந்துவிடும். "இருட்டில் வாய்க்கு வழி தெரியாதா?" என்று அதட்டுவான். திருமணமான நாள் முதலாக அவள் இரவுச் சோற்றைக் கண்ணால் பார்த்ததில்லை.

அப்படியிருக்கையில்தான் ஒரு நாள் வாயெல்லாம் பல்லாக வந்து நின்றான்.

"நங்கை, நான் செத்துப்போகப் போகிறேன்!"

"என்றைக்கு?" என்றாள் அவள்.

ஆநிரை மீட்கும் போரில் மாண்டவனின் வீட்டாருக்கு உதிரப்பட்டி என்று வரியில்லாத இறையிலி நிலம் விடுவது அந்நாட்டு வழக்கம். அந்த நிலத்தின்மேல்தான் காரி கண் வைத்திருந்தான். அடுத்த போரில் ஏதாவதொரு பிணத்துக்குத் தன் வாளையும் கச்சையையும் அணிவித்துவிட்டு மலைக்கு அப்பால் போய்விடுவதாகவும், நிலம் கிடைத்தபின் ஒரு நாள் மாறுவேடத்தில் வந்து பலனை அள்ளிக்கொள்வதாகவும் திட்டத்தை விரித்தான். "நீ நன்றாக அழ வேண்டும். மார்பில் அடித்துக்கொள், செலவில்லை. ஆனால் வளையை மட்டும் உடைத்துவிடாதே, கழற்றி வை. சங்கு என்ன விலை விற்கிறது, தெரியுமா?"

வெறும் பேச்சு என்றுதான் நங்கை நினைத்தாள். ஆனால் மேல்மலை நாட்டார் வந்தார்கள், போரும் நடந்தது, முகம் சிதைந்த ஒரு சடலத்தைக் காரியின் வாளோடு கொண்டுவந்து அவள் வாசலில் கிடத்தினார்கள். கால் விரல்களைப் பார்த்த மாத்திரத்தில் அது காரி இல்லை என்று தெரிந்துவிட்டது. ஊரே அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. 'இவர் இல்லை' என்று ஒரு சொல் சொன்னால் போதும். சொன்னால் என்ன கிடைக்கும்? காரி கிடைப்பான்!

நங்கை அழுதாள். அப்படி ஓர் அழுகையை அந்த ஊர் அதற்கு முன் கேட்டதில்லை. போன காலம் அத்தனைக்கும் சேர்த்து அழுதாள். பெரிய ஏரியின் மதகடி நிலத்தை வேளார் அவளுக்கு உதிரப்பட்டியாக வழங்கினார். கல்தச்சர் வந்து வீரனின் அங்க அடையாளம் கேட்டபோது, "மூக்கை மட்டும் நேராக வைத்துவிடுங்கள்," என்று கேட்டுக்கொண்டாள்.

அப்புறம் நடந்ததைச் சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள், சிரிக்காதீர்கள். அந்திதோறும் கல்லுக்கு விளக்கேற்றப் போனவள் அங்கேயே சற்று உட்கார ஆரம்பித்தாள். உட்கார்ந்தவள் பேச ஆரம்பித்தாள். நாற்று நட்ட கதை, மதகு அடைத்துக்கொண்ட கதை, எருமை கன்று போட்ட கதை எல்லாவற்றையும் கல் பொறுமையாகக் கேட்டுக்கொண்டது. அதட்டவில்லை, எண்ணெயை அளக்கவில்லை. அகன்ற மார்பும் நேரான மூக்குமாக விளக்கொளியில் அது நிற்கும் அழகைப் பார்த்துப் பார்த்து, நம் நங்கைக்கு முதல் முறையாகத் தன் கணவன்மேல் காதல் வந்துவிட்டது!

இத்தனை நாளும் இன்பமாகக் கழிந்த வாழ்வின் வாசலில்தான் இதோ, பரிசலிலிருந்து இறங்கி நிற்கிறான் பழைய காரி.

பரதேசி அவளை மருத மரத்தின் மறைவுக்குக் கண்ணால் அழைத்தான். நங்கை போனாள்.

"கொழுத்திருக்கிறாய்," என்றான் காரி. மூன்று ஆண்டு கழித்துச் சொன்ன முதல் சொல் அதுதான். "காதில் தோடு, கையில் கடகம்! என் சாவில் நன்றாகத்தான் வாழ்கிறாய்."

"தாங்கள் ஒரே ஆண்டில் வருவதாகச் சொன்னீர்கள். வராததால்..."

"வராததால் உண்மையிலேயே செத்துவிட்டேன் என்று மகிழ்ந்தாயோ? மேல்மலை நாட்டில் ஒரு பணக்காரக் கிழவியிடம் சேவகம் பார்த்தேன். சாகிறேன், சாகிறேன் என்றாள்; கடைசிவரை சாகவில்லை. அது போகட்டும். பொன், நகை எல்லாவற்றையும் இன்றைக்கே மூட்டை கட்டு. பரிசல் காத்திருக்கிறது. உதிரப்பட்டியை விற்க முடியாது என்று தெரியும். ஆகையால் அறுவடைதோறும் வந்து விளைச்சலை வாங்கிக்கொள்வேன்."

"முடியாது என்றால்?" அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை.

காரி தாடியை நீவிக்கொண்டான். "வேளார் முன் போய் நிற்பேன். 'அரசே, பகைவர் சிறையில் கிடந்தேன், தப்பி வந்தேன்' என்பேன். எனக்கு மாலை விழும். எவனோ ஒருவன் பிணத்தைக் கட்டிக்கொண்டு அழுது நிலம் வாங்கியவள் நீ. உனக்கு என்ன விழும் என்று நீயே யோசித்துக்கொள்."

பாவி, எல்லாப் பக்கமும் யோசித்துத்தான் வந்திருக்கிறான்! உயிர் போவதுகூடப் பெரிதில்லை. மறுபடியும் அந்த இருட்டு வீடா? ஆண்டுதோறும் அறுவடை நாளில் இவன் நிழல் வாசலில் விழுமே என்று நடுங்கிக்கொண்டே வாழ்வதா?

"இன்று வேளாரே வருகிறார்," என்று ஒருவாறு சொன்னாள். "கல்லின் நெற்றியில் பொற்பட்டம் கட்டுகிறார். அது முடிந்ததும் எல்லோரும் மாந்தோப்புக்கு விருந்துண்ணப் போய்விடுவார்கள். தாங்கள் கல்லருகே காத்திருங்கள். வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் கொண்டுவந்து தந்துவிடுகிறேன்."

"என் நெற்றியில் பொற்பட்டமா?"

"கல்லின் நெற்றியில்."

"கல் யாருடையது?"

"தங்களுடையதுதான்."

"பொன் எவ்வளவு அகலம்?"

"என் உள்ளங்கை அகலம்."

காரியின் மூக்கு நுனியில் வியர்வை அரும்பியது. இதையெல்லாம் நங்கை வேண்டுமென்றே சொன்னாளா, கேட்டதற்குப் பதிலாகத்தான் சொன்னாளா என்று என்னைக் கேட்கிறீர்களா? எனக்குத் தெரியும், சொல்லமாட்டேன்.

சற்றைக்கெல்லாம் முரசு அதிர, தீவட்டிகள் வரிசையாக வர, வேங்கைக்கோட்டையை ஆண்ட சிங்கன் வேளார் யானையிலிருந்து இறங்கினார். நரைத்த மீசை, எதையும் இரண்டு தடவை பார்க்கும் கூரிய கண்கள். கல்லை நீராட்டி, மஞ்சள் பூசி, பீலி சூட்டினார்கள். வேளார் தம் கையாலேயே பொற்பட்டத்தைக் கல்லின் நெற்றியில் கட்டினார். போருக்குப் போகும் இளைஞர்கள் ஒவ்வொருவராக வந்து, "காரி வீரன்மேல் ஆணை! புறமுதுகு காட்டோம்!" என்று கல்லைத் தொட்டுச் சூளுரைத்தார்கள். கூட்டத்தின் கடைசியில் நின்ற பரதேசி மட்டும் பட்டத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

படையல் முடிந்தது. கூட்டம் மாந்தோப்பை நோக்கி நகர்ந்தது. நங்கை வீட்டுக்கு ஓடினாள். பெட்டியைத் திறந்து பொன்னையும் மணியையும் ஒன்றுவிடாமல் துணியில் கொட்டினாள். காதுத் தோட்டையும் கழற்றிப் போட்டாள். எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போய்த் தொலையட்டும். இந்த ஓர் ஆண்டாவது நிம்மதி மிஞ்சட்டும் என்று நினைத்து மூட்டையை இடுப்பில் கட்டிக்கொண்டு நிலவில் விரைந்தாள்.

பாதி வழிகூட வந்திருக்கமாட்டாள். "திருடன்! திருடன்! வீரன் கல்லில் கை வைத்துவிட்டான்!" என்ற பெருங்கூச்சல் எழுந்தது.

ஓடிப்போய்ப் பார்த்தால், கூட்டம் திரும்பி வந்து கல்லைச் சுற்றி நின்றது. காவல் தலைவன் விண்ணன் பரதேசியின் சடையைப் பற்றியிருந்தான். பரதேசியின் ஒரு கையில் பொற்பட்டம். மறு கையில் படையலில் வைத்த ஆட்டுத் தொடை. கையும் களவுமாக அகப்பட்டுக்கொண்டான் காரி! சற்றுப் பொறுத்திருந்தால் எல்லாமே கைக்கு வந்திருக்கும். தன் நெற்றிக்கு உரிய பொன்னைத் தன் கண்ணெதிரே இன்னொரு நெற்றியில் வைத்துப் பார்த்துக்கொண்டிருக்க அவனால் முடியவில்லை. அது கல் நெற்றியாயிருந்தால்தான் என்ன?

"வெட்டுங்கள் கையை!" என்று கத்தினார்கள் இளைஞர்கள். ஒருவன் வாளை உருவியே விட்டான்.

"நில்லுங்கள்! நான் திருடன் அல்லேன்!" என்று அலறினான் பரதேசி. "என் பொருளை நானே எடுப்பது திருட்டா? நான்தான் கடம்பன் காரி! பகைவர் சிறையிலிருந்து தப்பி வந்தேன்! இது என் பட்டம்! இது எனக்கு வைத்த தொடை!"

அடுத்த கணம் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. மூன்று ஆண்டுகளாகக் கல்லின் முகத்தையே பார்த்துப் பழகிய ஊருக்குப் பழைய காரியின் முகம் மறந்தே போயிருந்தது.

"யார், நீயா?" என்றான் விண்ணன். "எங்கள் வீரரின் மார்பைப் பார், உன் மார்பைப் பார்! அவர் மூக்கைப் பார், உன் மூக்கைப் பார்! சட்டியில் விழுந்த அப்பம்போல் கோணிக் கிடக்கிறது!"

சிரிக்காதவர்கள் இரண்டே பேர். ஒருத்தி நங்கை, அவள் முகத்தில் ஈயாடவில்லை. மற்றவர் சிங்கன் வேளார். அவர் பரதேசியின் மூக்கை ஒரு தடவை பார்த்தார். பிறகு இன்னொரு தடவை பார்த்தார்.

"அமைதி," என்றார் வேளார். "பரதேசியே, ஒன்று கேட்கிறேன். சிறையிலிருந்து தப்பி வந்த வீரன் முதலில் யாரிடம் வருவான்?"

காரி பட்டத்தை இன்னும் இறுகப் பற்றிக்கொண்டான். வேளாரே பதிலும் சொன்னார்:

"தன் அரசனிடம் வருவான். அல்லது தன் மனைவியிடம் வருவான். நீ பொன்னிடம் அல்லவா வந்தாய்? ஆகையால் சிறைக் கதையை விட்டுவிடு. இனி இரண்டே வழி. நீ காரிதான் என்றால், களத்தில் வாளை எறிந்துவிட்டு ஓடிய கோழை, உனக்குக் கழுமரம். காரி இல்லை, பசியில் புத்தி பேதலித்த பரதேசி என்றால், நடுகல்லுக்குத் தீங்கு செய்தவனுக்கு இந்நாட்டில் என்ன வழக்கம்? உயிருள்ளவரை அந்தக் கல்லடியிலேயே கிடந்து, அந்திதோறும் அதற்கு விளக்கேற்ற வேண்டும்." பிறகு வேளாரின் பார்வை திரும்பியது. "மகளே நங்கை, முன்னே வா. நீ சொல். இவன் உன் கணவனா?"

வாசகர்களே, அந்தக் கணத்தில் நங்கையின் நெஞ்சு அடித்துக்கொண்ட ஓசை துடி முழக்கத்துக்கு மேலே கேட்டிருக்கும்! ஆம் என்றால் அவன் கழுவில். அடுத்த கழு அவளுக்கு. இல்லை என்றால் மீண்டும் ஒரு பொய், அதுவும் தான் அந்திதோறும் மனம் திறந்து பேசிய அந்தக் கல்லின் முன்னால். அவள் காரியைப் பார்த்தாள். கண்ணால் கெஞ்சினான். அவன் மேல் அவளுக்கு இருந்த வெறுப்பு மலையளவு. ஆனால் அந்தக் கோணல் மூக்குக்காரனைக் கழுவில் பார்க்க வேண்டுமென்று அவள் ஒருநாளும் விரும்பியதில்லை.

மெல்ல நடந்து போய்க் கல்லின் பக்கத்தில் நின்றாள். அதன் தோளில் கை வைத்தாள்.

"அரசே! பூதி நங்கைக்குக் கணவர் ஒருவரே. அவர் இதோ நிற்கிறார். என்னை ஒரு கடுஞ்சொல் சொன்னதில்லை. ஒரு நாளும் இருட்டில் வைத்ததில்லை. இவரைத் தவிர இன்னொருவரைக் கணவர் என்று என் நெஞ்சு அறியாது." அவள் குரல் உடைந்தது, அதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. "எதிரே நிற்பவர் யார் என்பதை அவர் வாயாலேயே கேட்டுக்கொள்ளுங்கள்."

பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நங்கை பரதேசியை நோக்கிக் கைகூப்பினாள்.

"அடிகளே! தாங்கள் கடம்பன் காரியா?"

தொலைவில் பெரிய ஏரியின் மதகடி வயல் நிலவில் பச்சைப் பசேலென்று விரிந்து கிடந்தது. காரி அதைப் பார்த்தான். எச்சில் விழுங்கினான்.

"ஒரு சந்தேகம், அரசே," என்றான் தாழ்ந்த குரலில். "காரி என்று சொன்னால்... கழுவில் ஏற்றினாலும்... அந்த நிலம் என் பெயரில் இருக்குமா?"

"கழுவில் உட்கார்ந்துகொண்டு ஏர் உழப் போகிறாயா?" என்றான் விண்ணன்.

மறுபடியும் சிரிப்பு வெடித்தது. காரி கல்லைப் பார்த்தான், வாளைப் பார்த்தான், கையிலிருந்த ஆட்டுத் தொடையைப் பார்த்தான். பிறகு தள்ளாடிக்கொண்டு வந்து தன் கல்லின் காலடியில் விழுந்து அதைக் கட்டிக்கொண்டான்.

"இந்த வீரன்மேல் ஆணை! கடம்பன் காரி செத்துவிட்டான்! போர்க்களத்தில் என் கண்ணாரக் கண்டேன்! வீரனாகச் செத்தான்..." இங்கே சற்றுத் தயங்கி, "மிகப் பெரிய வீரனாகச் செத்தான்!" என்று சேர்த்துக்கொண்டான். "இனி நான்தான் காரி என்று என் வாய் ஒரு தடவை சொன்னாலும் இந்தக் கல்லே என் தலையில் விழட்டும்! உயிருள்ளவரை இதற்கு விளக்கேற்றுவேன். ஆணை! ஆணை!"

சொல்லிவிட்டுக் குலுங்கிக் குலுங்கி அழுதான். 'பரதேசிக்கு எவ்வளவு பக்தி!' என்று கூட்டம் நெகிழ்ந்து போயிற்று. அவன் அழுதது ஏரியடி நிலத்துக்காக என்பது நமக்கும் நங்கைக்கும் மட்டுமே தெரியும்.

நமக்கும் நங்கைக்கும் மட்டுமா? யானையில் ஏறப் போன சிங்கன் வேளார் நின்று, நங்கையை அருகில் அழைத்தார். யார் காதிலும் விழாதவாறு சொன்னார்:

"மகளே, என் வெள்ளைக் குதிரை ஒரு காலத்தில் ஒருவனை உதைத்தது. என் குதிரைகள் யாரை உதைத்தாலும் எனக்கு நினைவிருக்கும்."

நங்கை அவர் காலில் விழுந்தாள். "அரசே... என் தலை தங்கள் காலடியில்..."

"எழுந்திரு. அந்தக் கல்லைத் தொட்டுச் சூளுரைத்துத்தான் சென்ற ஆண்டு என் பிள்ளைகள் கோட்டையைக் காத்தார்கள். செத்த காரி எனக்குப் பெரிய படைத்தலைவன். உயிரோடிருப்பவன் கொள்ளுத் திருடன். யாரை வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியாதா? ஆனால் மதகடி நிலத்தில் வீரர்களின் கைம்பெண்கள் எல்லோருக்கும் பங்கு கொடு. நீ அழுத அழுகைக்கு அது சரியாகப் போகும்."

"கொடுக்கிறேன், அரசே! நாளையே கொடுக்கிறேன்!" என்றாள் நங்கை. யானை மணியோசை கோட்டைப் பக்கமாகத் தேய்ந்து மறைந்தது. கூட்டமும் விருந்துக்குத் திரும்பிப் போயிற்று.

கல்லின் எதிரே இருவர் மட்டும் எஞ்சினார்கள். இல்லை, கல்லையும் சேர்த்தால் மூவர்! நங்கை எண்ணெய்ச் செம்பைக் கொண்டுவந்து பரதேசியின் முன் வைத்தாள். அவன் கண் அவள் இடுப்புக்குப் போயிற்று.

"அது என்ன மூட்டை?"

"தங்களுக்காகக் கொண்டுவந்தது. தோடு, கடகம், பொன், எல்லாமே. பாதி வழியில் வந்துகொண்டிருந்தேன். கொஞ்சம் பொறுத்திருக்கலாம்."

காரி பேயறைந்தவன்போல் உட்கார்ந்துவிட்டான். வாய் திறந்தது, நான்தான் காரி என்று சொல்லத்தான் திறந்தது. தலைக்கு மேலே கல்லை நிமிர்ந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டது.

"விளக்கு வையுங்கள், அடிகளே. அந்தி போய்விட்டது."

அவன் இடுப்பில் செருகியிருந்த வாழையிலைக் கிழிசலை எடுத்தான். அதன் நுனியைச் செம்பில் தோய்த்து, அகலில் ஒரு சொட்டு விட்டான். யோசித்து இன்னொரு சொட்டு விட்டான்.

நங்கை அந்தக் கிழிசலை அவன் கையிலிருந்து வாங்கி ஆற்றில் எறிந்தாள்.

"செம்பைச் சாய்த்து ஊற்றுங்கள்."

"நங்கை, இது நல்ல எள்ளெண்ணெய்..."

"என் கணவருக்கு இருட்டு ஆகாது. இன்னும் ஊற்றுங்கள்."

ஊற்றினான். அகல் நிரம்பித் தளும்பும்வரை அவள் விடவில்லை. திரி பற்றிக்கொண்டு நின்று எரிந்தது. கல்லின் அகன்ற மார்பும் நேரான மூக்கும் பளிச்சென்று தெரிந்தன. நங்கை வழக்கமான இடத்தில் உட்கார்ந்துகொண்டு, அன்று நடந்ததையெல்லாம் தன் கணவனுக்கு ஆதியோடந்தமாகச் சொல்ல ஆரம்பித்தாள்.